தண்டையார்பேட்டை நூலகத்துப் பெரியவருக்கு நன்றி

என் மகளின் பேச்சுப் போட்டிக்கு, காமராசர் ஆட்சியில் அமைச்சராக இருந்த கக்கனைப் பற்றித் தேடிக்கொண்டிருந்தோம். எங்கே பார்த்தாலும் 'எளிமை' என்ற ஒரே பாட்டு. பக்கத்து மேசையில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த ஐயா, "எளிமை மட்டும் சொன்னா போதாதும்மா, அவர் என்ன வேலை செஞ்சார்னு சொல்லு" என்று நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தீர்கள்.

கக்கன் மேலூர் பக்கம் தும்பைப்பட்டியில் பிறந்தவர்; தாழ்த்தப்பட்டவர்களுக்குக் கோயிலில் அனுமதி இல்லாத காலத்தில், 1939-ல் வைத்தியநாத ஐயரோடு மதுரை மீனாட்சி கோயிலுக்குள் நுழைந்தவர்களில் ஒருவர். 1952-ல் மக்களவை, 1957-ல் மேலூர் தொகுதியிலிருந்து சட்டமன்றம். பொதுப்பணித்துறை அமைச்சராக அவர் இருந்தபோதுதான் 1959-ல் வைகை அணை திறக்கப்பட்டது. அப்புறம் விவசாயம், உள்துறை. 1967-ல் தோல்வி. கடைசிக் காலத்தில் மதுரை அரசு மருத்துவமனையின் பொது வார்டில் படுத்திருந்தவரை எம்.ஜி.ஆர். போய்ப் பார்த்தார். 1981-ல் காலமானார்.

இதையெல்லாம் ஒரு கல்யாணப் பத்திரிகையின் பின்பக்கத்தில் வரிசையாக எழுதிக் கொடுத்தீர்கள். எங்கள் வடசென்னைப் பிள்ளைக்கு அணை, வாய்க்கால், பாசனம் எல்லாம் புதுசு. அணைத் தண்ணீர் வயலுக்குப் போகும் வழியைப் படம் போட்டே காட்டினீர்கள். அவ்வளவு பொறுமை எனக்குக் கிடையாது, சத்தியமாக!

பரிசு கிடைக்கவில்லை. ஆனால் வைகை அணையை நேரில் பார்க்க வேண்டும் என்று அடம் பிடிக்கிறாள். ரொம்ப நன்றி ஐயா. பெயர்கூடச் சொல்லாமல் கிளம்பிவிட்டீர்கள். அடுத்த போட்டிக்குத் தலைப்பு பொதுவுடைமைத் தலைவர் ஜீவா. சனிக்கிழமை மாலைகளில் அங்கேதான் இருப்போம், முடிந்தால் வாருங்கள்.