மிலேனாவின் படங்களைப் பார்க்கும் முறை

அன்பு மகள் கயலுக்கு,

நடிப்புப் பயிற்சிக்காக ஒரே நடிகையின் படங்களைத் தொடர்ந்து பார்க்கச் சொல்லியிருக்கிறார்கள், யாரை எடுக்கலாம் என்று கேட்டிருந்தாய். மிலேனா ட்ராவிச்சை எடு. 1940-இல் பெல்கிரேடில் பிறந்து 2018-இல் மறைந்த செர்பிய நடிகை. அன்று செர்பியா யூகோஸ்லாவியா நாட்டின் ஒரு பகுதி, அதனால் தேடும்போது நாட்டின் பெயரை யூகோஸ்லாவியா என்று போடு. செர்பியா என்று போட்டால் அவருடைய முக்கியமான படங்கள் கண்ணில் படாது.

நடனம் கற்றவர். பத்திரிகை அட்டையில் அவர் முகத்தைப் பார்த்த இயக்குநர் பிரான்டிஷெக் சாப் 1959-இல் நடிக்க அழைத்தார். நாடக அகாடமியில் சேர்ந்தது அதற்குப் பிறகுதான். 1962-இல் 'பிரெகோப்ரோய்னா' படத்துக்காக யூகோஸ்லாவியாவின் பூலா திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கினார். காதலன் பின்னாலேயே இளைஞர் பணிமுகாமுக்கு வந்துவிடும் பெண்ணாக வருவார். அங்கே அவர் நடை, ஓட்டம், திரும்பும் விதம் இவற்றை மட்டும் பார். நடனம் கற்ற உடம்பு எங்கே உதவுகிறது என்று தெரியும்.

அடுத்து துஷான் மகவேயெவ் இயக்கிய 'மேன் இஸ் நாட் எ பேர்ட்' (1965). செப்புச் சுரங்க ஊர் ஒன்றில் முடிதிருத்தும் பெண் ராய்கா. ஆலையில் பீத்தோவனின் ஒன்பதாவது சிம்பொனி ஒலிக்க, ராய்கா வேறொருவனோடு இருப்பாள். சுற்றிலும் ஆவணப்படம்போல நிஜமான தொழிற்சாலை இருக்கும்போது, நடிப்பு ஒரு பிடி கூடினாலும் பொய்யாகத் தெரிந்துவிடும். மிலேனா எங்கும் கூட்டவில்லை.

'டபிள்யூஆர்: மிஸ்டரீஸ் ஆஃப் தி ஆர்கானிசம்' (1971) படத்தை அவசரமாகப் பார்க்காதே. வெளிப்படையான பாலுறவுக் காட்சிகள் உண்டு, தனியாகப் பார். சொந்த நாட்டிலேயே தடைசெய்யப்பட்ட படம். மிலேனா குடியிருப்பின் மாடத்தில் நின்று அண்டைவீட்டாருக்குப் பாலியல் சுதந்திரம் பற்றிக் கட்சிக் கூட்டத்தில் பேசுவதுபோலப் பேசுவார். ஒரு வார்த்தையைக்கூடக் கேலியாகச் சொல்ல மாட்டார். நையாண்டியில் புதிதாக நடிப்பவர்கள் சறுக்குவது இங்கேதான்: இது வேடிக்கை என்று தனக்குத் தெரியும் எனப் பார்ப்பவனுக்குக் காட்டிவிடுவார்கள், காட்சி செத்துப்போகும். முடிவில் அவருடைய வெட்டப்பட்ட தலை தட்டில் இருந்தபடி பேசும். கையும் உடம்பும் இல்லாமல், முகமும் குரலும் மட்டும். அதைப் பல தடவை ஓட்டிப் பார்.

கடைசியாக, கோரான் பஸ்கால்யெவிச்சின் 'ஸ்பெஷல் ட்ரீட்மென்ட்' (1980). இதற்காகக் கான் திரைப்பட விழாவில் சிறந்த துணை நடிகை விருதை கார்லா கிராவினாவோடு பகிர்ந்துகொண்டார். குடிநோயாளிகள் கூட்டம், அவர்களை ஆட்டிவைக்கும் மருத்துவராக லியூபா தாடிச். முதல் தடவை துணையுரையை (சப்டைட்டில்) படித்துக் கதையை முடித்துவிடு, இல்லையென்றால் கண் திரையின் அடியிலேயே நின்றுவிடும். இரண்டாம் தடவை துணையுரையை அணைத்துவிட்டு, மற்றவர்கள் பேசும்போது மிலேனா என்ன செய்கிறார் என்று மட்டும் கவனி. விருது வாங்கித் தந்த வேலையில் பெரும்பங்கு அந்த மௌனத்தில்தான் இருக்கிறது என்பது என் எண்ணம்.

'நெரேட்வா' போன்ற பெரிய போர்ப் படங்களைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். புரியாத இடத்தில் படத்தின் நிமிடக் கணக்கைக் குறித்து அனுப்பு.

அன்புடன்,
அம்மா