லத்தீனைவிட ஒத்திப் பத்திரம்தான் கடினம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நீதிமன்றங்களில் இன்னும் லத்தீன் சொற்கள் புழங்குவதைக் கண்டித்துத் தங்கள் இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். 'ரெஸ் ஜுடிகேட்டா', 'லிஸ் பென்டென்ஸ்' போன்றவற்றைத் தூக்கி எறிந்துவிட்டால் சாமானியனுக்குச் சட்டம் விளங்கிவிடும் என்று கட்டுரையாளர் நம்புகிறார். அம்பாசமுத்திரம் வட்டாரத்தில் பத்திரம் எழுதியே பிழைத்த எனக்கு அந்த நம்பிக்கை இல்லை.

லத்தீன் சொல்லில் ஒரு சௌகரியம் உண்டு. சட்டப் புத்தகத்தில் அதற்கென்று ஓர் இடம் இருக்கிறது. தீர்ந்த வழக்கை மறுபடி கிளறக் கூடாது என்னும் 'ரெஸ் ஜுடிகேட்டா' உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 11-ஆம் பிரிவு. வழக்கில் கிடக்கும் சொத்தை வாங்குகிறவன் அந்தத் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவன் என்னும் 'லிஸ் பென்டென்ஸ்' 1882-ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு. எந்த ஜூனியர் வக்கீலும் உட்கார்ந்த இடத்திலேயே எடுத்துக் காட்டிவிடுவார். ஒரு தரப்பு வராமலே தீர்ப்பாகிவிட்டால், 'எக்ஸ்பார்ட்டி ஆகிவிட்டது' என்று கிராமத்துப் பாட்டிகளே சொல்கிறார்கள். (அதை நீக்க மனுப் போட 30 நாள்தான் கெடு என்பது மட்டும் பாட்டிக்குத் தெரிவதில்லை.)

நம் சீமையில் ஆளை உண்மையில் திணறடிப்பவை வீட்டுப் பெட்டியில் கிடக்கும் தமிழ்ப் பத்திரங்கள். கல்லிடைக்குறிச்சிப் பக்கத்திலிருந்து ஓர் இளைஞர் அப்படி ஒன்றைக் கொண்டுவந்தார். வயலை விற்கப் போகிறாராம். இதுதான் மூலப் பத்திரமாம். '1095 தை' என்று இருந்ததைப் பார்த்துவிட்டு, "ஐயா, இது குலோத்துங்கச் சோழன் காலத்துப் பத்திரம்" என்றார். முத்திரைத்தாளில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் தலை இருந்ததைச் சுட்டிக் காட்டினேன். அது கொல்லம் ஆண்டு, மலையாள நாட்டு ஆண்டுக் கணக்கு. தை மாதமாகையால் 825-ஐக் கூட்ட வேண்டும். 1920 ஜனவரி வரும். நான்மால் என்றால் நான்கு எல்லை. மஜ்கூர் என்றால் மேலே சொன்ன. கோட்டை விதைப்பாடு என்றால் அவ்வளவு விதை பிடிக்கும் நிலம், அது ஊருக்கு ஊர் மாறும். இவ்வளவும் சொல்லி முடித்த பிறகுதான் விஷயத்துக்கே வந்தோம். அது கிரயப் (விற்பனைப்) பத்திரமே அல்ல, ஒத்தி.

அவருடைய கொள்ளுத்தாத்தா பணம் கொடுத்து வயலை அனுபவத்துக்கு வாங்கியிருக்கிறார். பணத்துக்கு வட்டி இல்லை, விளைச்சலே வட்டி. "நூறு வருஷம் ஆகிவிட்டதே, இனி எங்களுக்குத்தானே?" என்றார். இங்கேதான் கட்டுரையாளர் வெறுக்கும் லத்தீன் உதவிக்கு வந்தது. ஊசுஸ் என்றால் அனுபவம், ஃப்ருக்டுஸ் என்றால் விளைச்சல். இரண்டும் சேர்ந்ததுதான் சொத்து மாற்றுச் சட்டம் 58-ஆம் பிரிவில் சொல்லும் 'யூசுஃப்ரக்சுவரி' அடமானம். அடமானத்தை மீட்க 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டம் 30 ஆண்டு கொடுக்கிறது. ஆனால் இந்த வகை ஒத்தியில், எழுதிய தேதியிலிருந்து 30 ஆண்டு ஓடிவிட்டது என்பதற்காக மட்டும் நிலத்துக்காரரின் உரிமை போய்விடாது என்று உச்ச நீதிமன்றம் 2014-இல் தீர்த்துச் சொன்னது. அதே பத்திரம் அவதிக்கிரயமாக, அதாவது கெடுவுக்குள் பணத்தைத் திருப்பாவிட்டால் விற்பனையாகிவிடும் என்ற நிபந்தனையோடு, எழுதப்பட்டிருந்தால் கணக்கே வேறு. முகம் தொங்கிப்போய்க் கிளம்பினார். விவரம் தெரியாமல் அந்த வயலை வாங்கவிருந்தவரை நினைத்தால்தான் எனக்குப் பகீரென்றது.

இந்தச் சொற்கள் இங்கே வந்து சேர்ந்த வழி சுவையானது. 1801-இல் கம்பெனி கைக்கு வரும்வரை ஆர்க்காட்டு நவாப் ஆட்சி. மஜ்கூரும் வகையறாவும் பசலியும் (வருவாய்க் கணக்கு ஆண்டு) அந்த வழியில் வந்தவை. கொல்லம் ஆண்டு மேற்கே மலைக்கு அப்பாலிருந்து வந்தது. தென்காசிப் பக்கத்துச் செங்கோட்டை 1956 வரை திருவிதாங்கூரில் இருந்ததால் அங்கே பத்திரமே தனி ரகம். இவற்றைப் படித்துச் சொல்ல ஊர்க் கணக்குப்பிள்ளையான கர்ணம் இருந்தார். 1980-இல் அந்தப் பதவி ஒழிந்தது. அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை, ஆனால் அவர்களுக்குத் தெரிந்ததை யாரும் எழுதி வாங்கிக்கொள்ளவில்லை. 1855-இல் வில்சன் என்ற வெள்ளைக்காரர் இந்திய வருவாய், நீதிமன்றச் சொற்களுக்கு லண்டனில் அகராதி போட்டார். அதை நம் விவசாயி எங்கே போய்ப் புரட்டுவார்?

பதிவுத்துறை தாலுகாவாரியாகப் பழைய பத்திரச் சொற்களுக்கு ஒரு தமிழ்ச் சிறுநூல் வெளியிட வேண்டும். மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழக மாணவர்களை இறக்கிவிட்டால், மிச்சமிருக்கும் பழைய எழுத்தர்களிடம் கேட்டே தொகுத்துவிடலாம். தங்கள் இதழும் வாரம் ஒரு பழைய பத்திரத்தை, பெயரையும் சர்வே எண்ணையும் மறைத்து வெளியிட்டு, வரிவரியாக விளக்கலாம். மாதிரிகள் என்னிடம் இருக்கின்றன; கேட்டால் நகலெடுத்து அனுப்புகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பத்திர எழுத்தர்,
அம்பாசமுத்திரம்