கனவுலகின் குடிகள்

ஆசிரியர் அவர்களுக்கு,

அமெரிக்க எழுத்தாளர் எச்.பி. லவ்கிராஃப்ட் (1890–1937) படைத்த கனவுலகைப் பற்றித் தங்கள் ஞாயிறு இணைப்பில் வெளியான கட்டுரை, அங்கு வாழும் உருவங்களை வெறும் பூச்சாண்டிகளாகவே சித்திரித்திருப்பது அரைகுறைப் பார்வையாகும். முகமே இல்லாத, வௌவால் சிறகும் முள்வாலும் கொண்ட ‘நைட்காண்ட்’கள், 1896-இல் பாட்டி இறந்ததையொட்டிச் சிறுவனான அவரைத் தூக்கத்தில் வாட்டிய உருவங்களே. தாம் பிடித்த ஆளை அவை கடிப்பதில்லை, கிச்சுகிச்சு மூட்டியே அடக்குகின்றன (கடித்திருந்தால் இவ்வளவு நடுக்கம் வந்திருக்காது). பிணந்தின்னிகளோ இக்கனவுலகக் கதையின் நாயகனான ராண்டால்ஃப் கார்ட்டருக்கு உற்ற துணையாகின்றன. அவற்றுள் ஒன்று, விழிப்புலகில் பாஸ்டன் நகரத்து ஓவியனாக இருந்தவன். உச்சந்தலையிலிருந்து கீழ்வரை செங்குத்தாக வாய் பிளந்த ‘கக்’ என்னும் பேருருவ அரக்கர்களே இந்தப் பிணந்தின்னிகளைக் கண்டு அஞ்சுகிறார்கள்.

மேலும், அந்தக் கனவுலகு ஒருவர் மட்டும் காணும் கனவன்று. வெவ்வேறு மனிதர்கள் உறங்கிச் சென்று சந்தித்துக்கொள்ளும் பொது நிலம். விழிப்புலகில் இறந்தபின் அங்கே அரசனாக நிலைத்துவிட்ட குரானெஸ், தான் பிறந்த இங்கிலாந்தின் கார்ன்வால் மண்ணின் ஏக்கம் தாளாமல் கனவுக்குள்ளேயே ஒரு கார்ன்வால் சிற்றூரை அமைத்துக்கொண்டு வாழ்வதைக் கட்டுரையாளர் ஒரு வரியில்கூடத் தொடவில்லை.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்