பெயருக்குக் கீழே ஓடும் வரி

மதுரை, வடக்கு மாசி வீதி

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

உன் கடிதத்தைக் கடையில் உட்கார்ந்தே படித்தேன். நான் சிரித்ததைப் பார்த்து, விசிட்டிங் கார்டு வாங்க வந்தவர் தன் பெயரில்தான் ஏதோ பிழை என்று அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். உனக்கு நடந்தது சிரிக்கிற விஷயம் இல்லைதான். காலைக் கூட்டத்தில் அத்தனை பேர் முன்னிலையில் உன் மேலதிகாரி, “சார் நேற்று ராத்திரி இரண்டு மணிவரை கோட்டை கட்டிக்கொண்டிருந்தார், இன்று அவரை யாரும் அவசரப்படுத்தாதீர்கள்” என்று சொன்னால் யாருக்கும் சுருக்கென்றுதான் இருக்கும். கேலியாகச் சொன்னாரா, குத்திக் காட்டினாரா என்று கேட்டிருக்கிறாய். இரண்டும்தான் என்று எனக்குத் தோன்றுகிறது. எல்லோரும் சிரிக்கிற மாதிரி குத்திக் காட்டுவது அதிகாரிகளுக்குக் கைவந்த கலை.

நீ ராத்திரி கணினியில் விளையாடியது அவருக்கு எப்படித் தெரிந்தது என்ற கேள்விக்கு வருகிறேன். உன்னை யாரும் வேவு பார்க்கவில்லை என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். நீ சந்தேகப்படுகிற அந்த சிஸ்டம் பையன் பாவம், விட்டுவிடு. நீங்கள் அலுவல் பேச்சுக்கு வைத்திருக்கும் டிஸ்கார்ட் செயலியில் உன் பெயருக்குக் கீழே ஒரு வரி ஓடுகிறதே, அதுதான் எல்லோருக்கும் சொன்னது. கணினியில் டிஸ்கார்ட் செயலி திறந்திருக்கும்போது, வேறு என்னென்ன நிரல்கள் ஓடுகின்றன என்று அது பார்க்கிறது. தன் விளையாட்டுப் பட்டியலில் உள்ள பெயர் ஒன்று தென்பட்டால், இன்னார் இன்னது விளையாடுகிறார், இவ்வளவு நேரமாக விளையாடுகிறார் என்று எழுதிவிடுகிறது. சில விளையாட்டுகளுக்கு இன்னும் வாய் நீளம். எந்த வரைபடம், அணியில் எத்தனை பேர் என்பதுவரை தாமே எடுத்துக் கொடுத்துவிடும்.

இதை ஏன் முதலிலேயே திறந்து வைத்திருக்கிறார்கள் என்று கோபப்பட்டிருந்தாய். 2015-இல் டிஸ்கார்ட் வந்தபோது, சேர்ந்து விளையாடுகிறவர்கள் ஒருவரோடு ஒருவர் பேசிக்கொள்வதற்காக வந்தது. ‘அவன் ஆடுகிறான், நாமும் சேர்ந்துகொள்ளலாம்’ என்று கூப்பிடுகிற வரி அது. நம் சனிக்கிழமை ஆட்டமே அப்படித்தான் தொடங்கியது. திருமங்கலத்தான் பெயருக்குக் கீழே ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் என்று பார்த்துவிட்டுத்தான் நீயும் நானும் உள்ளே போனோம், நினைவிருக்கிறதா? பிறகு படிப்புக் குழுக்கள் வந்தன, உன்னுடையது போன்ற சிறு நிறுவனங்களும் அலுவல் பேச்சுக்கு அதையே எடுத்துக்கொண்டன. ஆடுகளத்தில் கூப்பிட எழுதிய வரியை இப்போது அலுவலகம் படிக்கிறது. என்னைக் கேட்டால், அந்த வரி முதலில் மூடியே இருந்திருக்க வேண்டும். வேண்டியவர்கள் திறந்துகொள்ளட்டும்.

எவ்வளவு நேரமாக விளையாடுகிறாய் என்று அந்த வரியில் ஓடும் கடிகாரத்தைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். அது சொல்வது நிரல் ஓடுகிறது என்பதை மட்டும்தான். நீ விளையாட்டைச் சிறிதாக்கி வைத்துவிட்டுக் குளிக்கப் போனாலும், அம்மாவிடம் ஒரு மணி நேரம் போனில் பேசினாலும், அப்படியே தூங்கிப்போனாலும் அது பாட்டுக்கு ஓடும். போதாக்குறைக்கு, பட்டியலில் இல்லாத நிரலை நாமே ‘இதுவும் விளையாட்டு’ என்று சேர்த்துவிடலாம். நான் வேண்டுமென்றே, பத்திரிகை வடிவமைக்கிற பேஜ்மேக்கரைச் சேர்த்து வைத்திருக்கிறேன். கல்யாண சீசனில் என் பெயருக்குக் கீழே நாள் முழுக்க ‘பேஜ்மேக்கர் விளையாடுகிறார்’ என்றுதான் இருக்கும். மேலூர்க்காரன் அதைப் பார்த்துவிட்டு, “எந்த லெவலில் இருக்கிறாய்?” என்று கேட்டான். முகூர்த்த லெவலில் என்றேன். இப்படிப்பட்ட ஒரு வரியைச் சாட்சியாக வைத்து ஒருவனுடைய தூக்கத்தைக் கணக்குப் போடுகிற அதிகாரிக்கு என்ன பதில் சொல்வது? சொல்ல வேண்டியதில்லை. நீ நேரத்துக்கு வேலையை முடித்தாயா இல்லையா, அவர் கேட்கக்கூடியது அவ்வளவுதான்.

சரி, மூடுகிற வழிக்கு வருகிறேன். இடது பக்கம் கீழே உன் பெயருக்குப் பக்கத்தில் பற்சக்கரப் படம் இருக்கிறது அல்லவா, அதை அழுத்து. செட்டிங்ஸ் திறக்கும். அந்த நீளப் பட்டியலில் கீழே இறங்கி ‘ஆக்டிவிட்டி பிரைவசி’ என்று தேடு. பதிப்பு மாறினால் பெயரும் இடமும் கொஞ்சம் மாறலாம், ‘ஆக்டிவிட்டி’ என்ற சொல்லைப் பிடித்துக்கொண்டு போனால் போதும். உன் செயல்பாட்டை மற்றவர்களுக்குக் காட்டட்டுமா என்று ஒரு பொத்தான் இருக்கும். அதை அணைத்துவிட்டால் அந்த வரி யாருக்கும் தெரியாது. எனக்கும் தெரியாது.

ஆனால் அதை நீ செய்ய வேண்டாம் என்பது என் யோசனை. கோபத்தில் எல்லாவற்றையும் அணைத்தால், அடுத்த சனிக்கிழமை நீ வந்திருக்கிறாயா இல்லையா என்று நாங்கள் நடுராத்திரியில் போன் போட்டுக் கேட்க வேண்டியிருக்கும். டிஸ்கார்டில் ஒவ்வொரு குழுவின் இடத்தையும் சர்வர் என்கிறார்கள் அல்லவா, அந்த சர்வர் வாரியாகவும் அணைக்கலாம். அலுவலக சர்வரின் பெயரை அழுத்தினால் ஒரு பட்டியல் இறங்கும். அதில் ‘பிரைவசி செட்டிங்ஸ்’ உள்ளே போய், அங்கே மட்டும் செயல்பாட்டைக் காட்டாதே என்று வைத்துவிடு. நம் ஐந்து பேர் சர்வரில் இருக்கிறபடியே இருக்கட்டும். ஒரே ஒரு எச்சரிக்கை. அலுவலகத்தில் யாரையாவது நண்பராகவும் சேர்த்திருந்தால், சர்வரில் மூடியதால் மட்டும் அவர் கண்ணை மூடிவிட முடியாது. உன் மேலதிகாரியின் நட்புக் கோரிக்கையை முதல் வாரமே ஏற்றுக்கொண்டேன் என்று எழுதியிருந்தாயே, உன் சிக்கலில் பாதி அங்கேதான் இருக்கிறது.

அதனால் இதைவிடச் சுத்தமான வழி, அலுவலகத்துக்கென்று தனிக் கணக்கு வைத்துக்கொள்வது. அதைச் செயலியில் திறக்காமல் பிரவுசரில் திற. பிரவுசரில் இருக்கும் டிஸ்கார்டுக்கு உன் கணினியில் வேறு என்ன ஓடுகிறது என்று தெரியாது. மேலூர்க்காரன் தன் பிள்ளைகள் பள்ளியின் பெற்றோர் குழுவுக்கு இப்படித்தான் செய்கிறான்.

‘இன்விசிபிள்’ என்று போட்டுவிடலாமா என்று கேட்டிருந்தாய். போடலாம். பச்சைப் புள்ளி போய்விடும், நீ வெளியே போயிருப்பதாகத் தெரியும். ஆனால் குரல் சேனலுக்குள் நுழைந்தால் உன் பெயர் அங்கே பளிச்சென்று வந்து உட்காரும். இல்லாத ஆள் எப்படிப் பேசுகிறான் என்று ஊரே பார்க்கும். இருப்பதையே மறைப்பது எனக்குப் பிடிக்கவும் இல்லை. என்ன செய்கிறாய் என்பதை மட்டும் மறைத்தால் போதும். நீ என்ன, கடன்காரனுக்குப் பயந்து கதவை உள்பக்கம் தாழிட்டுக்கொண்டா இருக்கிறாய்?

விளையாட்டுகளை வாங்கி ஆடுகிற ஸ்டீமை மறந்துவிடாதே. டிஸ்கார்டில் மூடினால் அங்கே மூடாது. இரண்டும் தனித்தனி. ஸ்டீமின் பிரைவசி பக்கத்தில் ‘கேம் டீடெயில்ஸ்’ என்று இருப்பதை நண்பர்களுக்கு மட்டும் அல்லது யாருக்குமே இல்லை என்று மாற்றலாம். குறிப்பிட்ட ஒரு விளையாட்டை மட்டும் தனியாக ‘பிரைவேட்’ என்று குறித்து வைக்கவும் வழி வந்திருக்கிறது. டிஸ்கார்டோடு பாட்டுச் செயலியை இணைத்திருந்தால் அதற்கும் ஒரு தனிப் பொத்தான். நள்ளிரவில் எந்தப் பாட்டைத் திரும்பத் திரும்பக் கேட்கிறாய் என்பது விளையாட்டைவிட அந்தரங்கமானது என்று நினைக்கிறேன். அதை முதலில் அணை.

நண்பர்களிடம் மறைத்துவிட்டதால் டிஸ்கார்ட் நிறுவனத்திடமும் மறைத்துவிட்டோம் என்று எண்ணிக்கொள்ளாதே. அவர்கள் எதைச் சேர்த்துவைக்கிறார்கள், எதற்குப் பயன்படுத்துகிறார்கள் என்பது ‘டேட்டா அண்ட் பிரைவசி’ என்ற வேறு பக்கம். அதையும் ஒருமுறை படி.

நம் காலத்துத் திண்ணையில் தாயமோ ஆடுபுலியோ ஆடிக்கொண்டிருந்தால் தெருவே பார்க்கும்தான். ஆனால் யார் பார்க்கிறார்கள் என்று நமக்கும் தெரியும். உன் அப்பா முனையில் திரும்புவது தெரிந்தால் காய்களைத் துண்டில் முடிந்துகொண்டு நீ பின்பக்கமாக ஓடியதை நான் பார்த்திருக்கிறேன். டிஸ்கார்டில் அந்த வசதி இல்லை. உன் வரியை யார் படித்தார்கள், எத்தனை முறை படித்தார்கள் என்று உனக்கு ஒருபோதும் தெரியப்போவதில்லை. எனக்கு உறுத்துவது அதுதான். இந்த விஷயத்தில் வாட்ஸ்அப் வைத்திருக்கும் விதி பரவாயில்லை. நீ கடைசியாக வந்த நேரத்தை மறைத்தால் மற்றவர்களுடையதும் உனக்குத் தெரியாது. நீலக் குறியும் தனி உரையாடல்களில் அப்படித்தான். டிஸ்கார்டில் உன்னுடையதை மூடிவிட்டு மற்றவர்களுடையதைச் சாவகாசமாகப் பார்த்துக்கொண்டிருக்கலாம். உன் மேலதிகாரியின் பெயருக்குக் கீழே இதுவரை எதையாவது பார்த்திருக்கிறாயா? அவர் எப்போதோ மூடிவிட்டார் என்று பந்தயம் கட்டுகிறேன்.

2017-இல் ஒன்பது நீதிபதிகள் சேர்ந்து அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று சொன்ன தீர்ப்பை எல்லாம் உன் கடிதத்தில் இழுத்திருந்தாய். நல்ல தீர்ப்புதான். ஆனால் மாப்பிள்ளை, பொத்தான் உன் கையில் இருக்கும்போது உச்ச நீதிமன்றம் எதற்கு? ஊர் வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள். இதற்கு மட்டும் இருக்கிறது, எடுத்து மூடு.

உன் கடிதத்தின் கடைசிப் பக்கம்தான் எனக்குப் பிடிக்கவில்லை. உன்னுடைய வரியை மூடச் சொல்லிக் கேட்ட அதே கடிதத்தில், பிளஸ் ஒன் படிக்கிற மகன் தன் வரியை மூடிவிட்டான், அதைத் திறக்க வழி உண்டா என்று கேட்கிறாய். அவனுக்கும் ஒரு மேலதிகாரி இருக்கிறார், அது நீதான் என்று உனக்குத் தோன்றவில்லையா? பதினெட்டு வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளின் பெற்றோருக்காக 2023-இல் டிஸ்கார்டில் ‘ஃபேமிலி சென்டர்’ என்று ஒன்றைக் கொண்டுவந்தார்கள். யாரை நண்பராகச் சேர்த்தான், யாரோடு பேசினான், எந்த சர்வர்களில் இருக்கிறான் என்பது தெரியும். என்ன பேசினான் என்பது தெரியாது. அவனும் சம்மதித்தால்தான் இணைக்க முடியும். அவனுக்குத் தெரியாமல் எட்டிப் பார்ப்பதைவிட இது மேல். முகம் தெரியாத யாராவது அவனிடம் காசோ படமோ கேட்கிறார்களா என்பதுதான் உன் கவலை என்றால், அதை உட்கார வைத்துப் பேசு. எந்த விளையாட்டு, எத்தனை மணி நேரம் என்பதற்காக என்றால், பரீட்சை மார்க் தானே சொல்லும்.

என் மகளும் மூடித்தான் வைத்திருக்கிறாள். கல்லூரி முதல் வருடம். இரவு தோசைக்கு உட்காரும்போது, “அப்பா, வேலரன்ட்டில் என் அணியில் ஒருவன் நட்ட நடுவில் சாப்பிடப் போய்விட்டான், தோற்றுப்போனோம்” என்று ஆரம்பிப்பாள். எனக்கு அந்த விளையாட்டில் ஒன்றும் புரியாது. சட்னியை அவள் பக்கம் நகர்த்திவிட்டு, அவன் என்ன சாப்பிடப் போனான் என்று கேட்பேன். அதற்கும் பதில் வரும்.

இந்த வயதில் விளையாட்டா என்று உன் வீட்டில் கேட்கிறார்களாமே. அடுத்த முறை வரும்போது அவர்களைக் கீழடிக்குக் கூட்டிக்கொண்டு வா. அங்கே மண்ணுக்கடியிலிருந்து எடுத்த பகடைக்காய்களும் ஆட்டக்காய்களும் சுடுமண் வட்டச் சில்லுகளும் 2023-இல் திறந்த அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. ஆடியவர்களின் வயதை எந்தப் பானை ஓட்டிலும் எழுதி வைக்கவில்லை.

ஊர்ச் செய்தி பெரிதாக ஒன்றும் இல்லை. அழகர் ஆற்றில் இறங்கி மலைக்கும் திரும்பிவிட்டார், வெயில்தான் இன்னும் இறங்கவில்லை. கோரிப்பாளையத்தில் நாம் முதன்முதலில் ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் ஆடிய பிரவுசிங் சென்டர் இருந்த இடத்தில் இப்போது கைபேசி உறை விற்கிறார்கள். உன் அம்மாவை அண்ணாநகர் வீட்டில் போய்ப் பார்த்தேன். முழங்கால் வலி குறைந்திருக்கிறது, பேச்சு குறையவில்லை. “அவன் ராத்திரி தூங்குகிறானா?” என்று கேட்டார்கள். எனக்கு எப்படி அம்மா தெரியும் என்று சொல்லிவிட்டேன்.

சனிக்கிழமை பத்து மணிக்குத் திருமங்கலத்தான் கடையை அடைத்துவிட்டு வந்துவிடுவதாகச் சொல்லியிருக்கிறான். உன் தங்கை மகள் கல்யாணப் பத்திரிகையின் புரூஃப் தனியாக அனுப்பியிருக்கிறேன். மாப்பிள்ளையின் தாத்தா பெயருக்கு முன்னால் ‘ரா’ போடுவதா ‘இரா’ போடுவதா என்று அவர்கள் வீட்டில் இருவர் இரண்டு விதமாகச் சொல்கிறார்கள். கேட்டு எழுது, வெள்ளிக்கிழமைக்குள் அச்சுக்குப் போக வேண்டும்.

அன்புடன்,
உன் மாப்பிள்ளை