பீட்டா பிளாக்கர் எதற்கு என்று சீட்டிலேயே எழுதினால் என்ன?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

உங்கள் மருத்துவப் பக்கத்தில் இரத்த அழுத்த மாத்திரைகள் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். நன்றாகவே இருந்தது. ஆனால் பீட்டா பிளாக்கர்களுக்கு அதில் கிடைத்தது ஒரே ஒரு வரிதான்: அவையும் பிரஷரைக் குறைக்கும் என்று. தப்பில்லை. ஆனால் அந்த வரியைப் படித்துவிட்டு, "எனக்குத்தான் பிரஷர் நார்மலாக இருக்கிறதே" என்று மாத்திரையை ஓரம் வைக்கக்கூடியவர்களை எனக்குத் தெரியும். வேலைக்காலம் முழுவதும் மருந்துக் கவுன்ட்டருக்குப் பின்னால் நின்றவள் நான். அவர்களுக்காகத்தான் இந்தக் கடிதம்.

என் அக்காவுக்குப் பிரஷர் கிடையாது. ஆனாலும் ப்ரோப்ரனலால் என்ற பீட்டா பிளாக்கரைச் சாப்பிடுகிறாள், கை நடுக்கத்துக்கு. கை மடியில் சும்மா இருக்கும்போது நடுக்கம் தெரியாது. டம்ளரைத் தூக்கினாலோ கையெழுத்துப் போடப் போனாலோ ஆரம்பித்துவிடும். பார்க்கின்சன் இல்லை, எசென்ஷியல் ட்ரெமர் என்பார்கள். பல குடும்பங்களில் வழிவழியாக வருவது; எங்கள் அம்மாவுக்கும் இருந்தது. ஒருநாள் மருந்துக் கடையில் இருந்த பையன், "இது பிரஷர் மாத்திரை ஆச்சே, உங்களுக்கு 120/80 தானே இருக்கு, எதுக்குப் போடறீங்க?" என்று கேட்டுவிட்டான். நல்ல எண்ணத்தில் கேட்டதுதான். சீட்டில் மருந்தின் பெயரும் காலை, இரவு என்ற குறிப்பும் மட்டுமே இருந்தால் அவனுக்கு எப்படித் தெரியும்? அக்கா அன்று வெறுங்கையோடு வீட்டுக்கு வந்து எனக்குப் போன் செய்தாள். எனக்குப் போன் செய்ய முடியாதவர்கள் என்ன செய்வார்கள்?

இந்த மருந்து உடம்பில் செய்கிற வேலையைப் பார்த்தால் குழப்பம் எங்கிருந்து வருகிறது என்று புரியும். பயந்தாலோ ஓடினாலோ உடம்பு அட்ரினலினையும் நார்அட்ரினலினையும் சுரக்கிறது. அவை செல்களின் மேல் இருக்கும் ஏற்பிகளில் போய் உட்கார்ந்தால்தான் வேலை நடக்கும். பீட்டா பிளாக்கர் அந்த நாற்காலியில் முந்திக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறது; உட்கார்ந்தபின் சும்மா இருக்கிறது. அவ்வளவுதான் அதன் சாமர்த்தியம். ஏற்பிகளை ஆல்ஃபா, பீட்டா என்று 1948இல் பிரித்துக் காட்டியவர் அமெரிக்கரான ரேமண்ட் ஆல்குவிஸ்ட். அதைப் பிடித்துக்கொண்டு மருந்து செய்தவர் ஸ்காட்லாந்துக்காரர் ஜேம்ஸ் பிளாக். நெஞ்சுவலிக்காரர்களின் இதயத்துக்கு ரத்தத்தை எப்படிக் கூடுதலாக அனுப்புவது என்று மற்றவர்கள் யோசித்துக்கொண்டிருந்தபோது, இதயத்தின் தேவையையே குறைத்தால் என்ன என்று அவர் திருப்பிக் கேட்டார். முதலில் வந்த ப்ரோனெத்தலால் எலிகளில் கட்டிகளை உண்டாக்கியதால் கைவிடப்பட்டது. அடுத்து வந்தது ப்ரோப்ரனலால். 1988இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டவர்களில் பிளாக்கும் ஒருவர்.

பீட்டா ஏற்பிகள் இதயத்தில் மட்டும் இருந்திருந்தால் என் கடிதம் இங்கேயே முடிந்திருக்கும். பீட்டா-1 வகை இதயத்தில் நிறைய உண்டு. அதை மறித்தால் துடிப்பு நிதானமாகும், துடிப்பின் வேகமும் விசையும் தணியும். அதே வகை சிறுநீரகத்திலும் இருக்கிறது. அங்கே மறித்தால் அழுத்தத்தை ஏற்றும் ரெனின் குறையும். பீட்டா-2 மூச்சுக்குழாயிலும் இரத்தக் குழாய்களிலும் தசைகளிலும் இருக்கிறது. மூச்சுக்குழாயை விரித்து வைப்பதே அதன் வேலை என்பதால், ப்ரோப்ரனலால் போல இரண்டையும் சேர்த்து மறிக்கும் மருந்து ஆஸ்துமாக்காரர்களுக்கு ஆகாது. அட்டெனலால், மெட்டோப்ரலால், பிஸோப்ரலால் ஆகியவை பெரும்பாலும் பீட்டா-1ஐயே குறிவைக்கும். ஆனாலும் டோஸ் ஏறினால் அந்தப் பாகுபாடு மங்கிவிடும்.

ஆக, ஏற்பி இருக்கும் இடமெல்லாம் இந்த மருந்துக்கு வேலை இருக்கிறது. நெஞ்சுவலி, தாறுமாறான துடிப்பு, மாரடைப்புக்குப் பிந்தைய காலம் இவையெல்லாம் பலருக்கும் தெரிந்தவை. ஒற்றைத் தலைவலி அடிக்கடி வருகிறவர்களுக்கு அது வராமல் தடுக்கத் தினமும் தருவார்கள். வந்த வலியை நிறுத்த உதவாது. தைராய்டு அதிகமாகச் சுரப்பவர்களுக்குப் படபடப்பையும் நடுக்கத்தையும் அடக்கித் தரும், தைராய்டைக் குணமாக்காது. ஈரல் சுருங்கி உணவுக்குழாயில் இரத்த நாளங்கள் புடைத்திருப்பவர்களுக்கு அவை வெடித்து ரத்தம் கொட்டாமல் இருக்கக் கொடுப்பார்கள். 2008இல் பிரான்ஸின் போர்தோ நகர மருத்துவர்கள், இதயக் கோளாறுக்காக ப்ரோப்ரனலால் கொடுக்கப்பட்ட குழந்தையின் முகத்தில் இருந்த சிவந்த இரத்தநாளக் கட்டி வெளுத்துச் சுருங்குவதைக் கவனித்து எழுதினார்கள். இன்று அப்படிப்பட்ட கட்டி பெரிதாகித் தொல்லை தரும் குழந்தைகளுக்கு முதலில் யோசிக்கும் மருந்தே அதுதான். அந்தக் குழந்தையின் தாயிடம் யாராவது போய் "பிரஷர் மாத்திரை" என்று சொன்னால் என்ன ஆகும்!

மேடை நடுக்கத்துக்குச் சாப்பிடுகிறவர்கள் இருக்கிறார்கள். கை அசையாமல் இருக்க உதவும் என்பதாலேயே துப்பாக்கி சுடுதலிலும் வில்வித்தையிலும் இதற்குத் தடை உண்டு. 2008 பீஜிங் ஒலிம்பிக்கில் வடகொரிய வீரர் ஒருவரின் இரண்டு பதக்கங்கள் ப்ரோப்ரனலாலால் பறிபோயின. பக்கத்து வீட்டில் வாங்கி நேர்முகத் தேர்வுக்கு முன் விழுங்கும் பிள்ளைகளுக்கு ஒன்று சொல்கிறேன்: வீசிங் இருந்தாலோ நாடி ஏற்கெனவே மெதுவாக இருந்தாலோ இது விளையாட்டு இல்லை.

நான் அதிகம் கவலைப்படுவது இதயச் செயலிழப்பு உள்ளவர்களைப் பற்றி. பலவீனமான இதயத்துக்கு இந்த மருந்து கூடவே கூடாது என்றுதான் ஒரு காலத்தில் பாடம். களைத்த இதயத்தை மேலும் தளர்த்தலாமா என்ற நியாயமான பயம். ஆனால் அப்படிப்பட்ட உடம்பில் அட்ரினலின் ஓயாமல் சுரந்துகொண்டே இருக்கிறது. முதலில் தாங்கிப் பிடிக்கும் அதுவே நாளடைவில் இதயத் தசையைத் தேய்த்துவிடுகிறது. ஸ்வீடனின் கோதன்பர்க் மருத்துவர்கள் 1975இல் துணிந்து கொடுத்துப் பார்த்துப் பலன் கண்டதை எழுதினார்கள். எல்லோரும் ஏற்க இன்னும் இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று. 1999இல் பிஸோப்ரலாலுக்கும் மெட்டோப்ரலால் சக்சினேட்டுக்கும் தனித்தனியே வெளியான இரண்டு பெரிய ஆய்வுகளில் இறப்பு ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு குறைந்திருந்தது. இப்போது அது இதயச் செயலிழப்புச் சிகிச்சையின் தூண்களில் ஒன்று. பிஸோப்ரலால் என்றால் 1.25 மில்லிகிராமில் ஆரம்பித்து, வாரக்கணக்கில் பொறுத்துப் பொறுத்து ஏற்றுவார்கள். முதல் சில வாரங்களில் சோர்வு கூடுவதும் உண்டு.

இந்த நோயாளிகளில் பலருக்குப் பிரஷர் 100, 105 என்றுதான் இருக்கும். வீட்டில் மெஷின் வாங்கி வைத்திருக்கும் மகன், "அப்பா, உங்களுக்கு ஏற்கெனவே லோ பிரஷர், இதில் பிரஷர் மாத்திரை வேறயா?" என்று நிறுத்திவிடுகிறார். பாசத்தில் செய்கிற காரியம். திடீரென்று நிறுத்துவதுதான் இந்த மருந்தில் மிகவும் ஆபத்தானது. நாற்காலிகள் அடைபட்டே கிடந்ததால் உடம்பு புதிதாக இன்னும் சிலவற்றைப் போட்டு வைத்திருக்கும். மருந்து விலகியதும் அட்ரினலின் மொத்தமாக வந்து உட்காரும். படபடப்பு, நெஞ்சுவலி, இதய நோய் உள்ளவருக்கு மாரடைப்பு வரைக்கும் போகலாம். நிறுத்தியே ஆகவேண்டும் என்றாலும் மருத்துவர் ஒன்றிரண்டு வாரங்களாவது எடுத்துப் படிப்படியாகத்தான் இறக்குவார். நாடி மிகவும் குறைந்து தலைசுற்றினால் மட்டும் காத்திருக்காமல் உடனே காட்ட வேண்டும்.

இன்னொரு விஷயம், உங்கள் கட்டுரையின் வரியையே கொஞ்சம் புரட்டிப் போடுவது. வேறு காரணம் ஏதும் இல்லாமல் வெறும் இரத்த அழுத்தம் மட்டும் இருப்பவருக்குப் பீட்டா பிளாக்கரை முதல் மருந்தாக இப்போது பல வழிகாட்டுதல்கள் சொல்வதில்லை. பக்கவாதத்தைத் தடுப்பதில் வேறு வகை மருந்துகள் அதைவிட மேலாக இருந்ததே முக்கியக் காரணம். ஆகவே ஒருவர் சீட்டில் இது இருந்தால், பிரஷரைத் தவிர வேறு காரணம் இருக்கக்கூடும் என்று சந்தேகிப்பதே சரி.

மருந்து எதற்கு என்று சீட்டில் எழுதி வைத்தால், நிறுத்தவேண்டிய நேரத்தில் நிறுத்தவும் உதவும். மாரடைப்பு வந்தும் இதயத்தின் இறைக்கும் திறன் நன்றாகவே இருப்பவர்களுக்கு இதனால் கூடுதல் பலன் தெரியவில்லை என்று ஸ்வீடனை மையமாகக் கொண்ட ஒரு பெரிய ஆய்வு 2024இல் சொன்னது. அதன்மேல் விவாதம் ஓடிக்கொண்டிருக்கிறது. உங்கள் அப்பாவின் சீட்டில் பல வருடமாக மெட்டோப்ரலால் இருக்கிறது என்றால், இனியும் வேண்டுமா என்று புது மருத்துவர் முடிவு செய்ய, அன்று எதற்காக ஆரம்பித்தார்கள் என்பது தெரிந்தாக வேண்டும். ஃபைல் தொலைந்த வீடுகளில் யாருக்கும் தெரிவதில்லை.

கண் சொட்டு மருந்தையும் விட்டுவிடக் கூடாது. கண் அழுத்த நோயான கிளாக்கோமாவுக்குப் போடும் டிமோலால் ஒரு பீட்டா பிளாக்கர்தான். கண்ணீர்க் குழாய் வழியாக மூக்குக்குள் இறங்கி ரத்தத்தில் சேரும்; ஆஸ்துமாக்காரருக்கு மூச்சுத் திணறலையே கொண்டுவரலாம். சொட்டு விட்டபின் கண்ணின் உள்மூலையை ஒன்றிரண்டு நிமிடம் விரலால் அழுத்திப் பிடித்தால் உள்ளே போவது குறையும். வேறென்ன மருந்து சாப்பிடுகிறீர்கள் என்று கேட்டால் சொட்டு மருந்தைச் சொல்பவரை நான் அரிதாகத்தான் பார்த்திருக்கிறேன். அப்புறம், இன்சுலின் போடும் சுகர்க்காரர்களுக்கு: சர்க்கரை இறங்கும்போது வரும் படபடப்பையும் நடுக்கத்தையும் இந்த மாத்திரை மறைத்துவிடக்கூடும். வியர்ப்பது மட்டும் பெரும்பாலும் தெரியும், அதை நம்புங்கள். கை கால் சில்லிடுவது, அசதி, கெட்ட கனவு, ஆண்களுக்கு வரும் அந்தரங்கத் தொந்தரவு, எதுவானாலும் மருத்துவரிடம் வாய்விட்டுச் சொல்லுங்கள். வகையை மாற்றவோ டோஸைக் குறைக்கவோ வழி இருக்கிறது.

மருத்துவர்களுக்கு என் வேண்டுகோள் சின்னது. மருந்தின் பெயருக்குப் பக்கத்தில் 'நடுக்கத்துக்கு', 'இதய பலவீனத்துக்கு', 'தலைவலி தடுக்க' என்று ஓரிரு சொல். நேரமில்லை என்பார்கள், வேளை குறிக்க இருக்கும் நேரம் இதற்கும் போதும். எழுதாவிட்டால் நோயாளியே கேட்டு மாத்திரை டப்பாவின் மேல் பேனாவால் எழுதிக்கொள்ளட்டும். தன் நோயைக் கடைக்காரர் வரைக்கும் தெரியவைக்க விரும்பாதவர்களும் உண்டு, அதுவும் நியாயமே. அவர்கள் சொன்னால் சீட்டில் விட்டுவிடலாம்; வீட்டில் இருக்கும் குறிப்பேட்டில் எழுதி, கூட இருக்கும் ஒருவரிடமாவது சொல்லி வைத்தால் போதும்.

இப்படிக்கு,
உங்கள் நாளிதழின் நெடுநாள் வாசகி,
ஓய்வுபெற்ற மருந்தாளுநர்