மரபியல் பாடமும் வீட்டு வரைபடமும்: பத்தாம் வகுப்புப் பெற்றோருக்குக் கடிதம்

மதிப்பிற்குரிய பெற்றோர் அனைவருக்கும் வணக்கம்.

பத்தாம் வகுப்பு அறிவியலில் மரபியல் பாடம் தொடங்கியிருக்கிறது. குரோமோசோம், டி.என்.ஏ., மரபணு என்ற சொற்களைப் பிள்ளைகள் மனப்பாடம் செய்துவிடுகிறார்கள். அவை உடலில் என்ன வேலை செய்கின்றன என்று கேட்டால் திகைத்து நிற்கிறார்கள். நம் பெற்றோரில் பலர் கட்டட வேலை செய்பவர்கள் என்பதால், உங்கள் தொழிலைக் கொண்டே இப்பாடத்தை விளக்கி வருகிறோம்.

நம் புதிய வகுப்பறையைக் கட்டியபோது மூல வரைபடம் அலுவலக அலமாரியிலேயே இருந்தது. மேஸ்திரியின் சட்டைப்பையில் இருந்தது அதன் நகல்தான். தளம் போடுவதற்குள் அது சிமென்ட் கறை படிந்து மடிப்பெல்லாம் கிழிந்துவிட்டது. செல்லுக்குள்ளும் இதே ஏற்பாடுதான். குரோமோசோம் என்னும் இழைகளில் உள்ள டி.என்.ஏ.தான் மூல வரைபடம். அது செல்லின் மையமான உட்கருவிலேயே பத்திரமாக இருக்க, அதில் தேவையான பகுதி, அதாவது மரபணு, மட்டும் ஆர்.என்.ஏ.வாக நகலெடுக்கப்பட்டு வெளியே செல்கிறது. வேலை முடிந்ததும் சிதைந்துவிடுகிறது. அந்த நகலைப் படித்து, 20 வகை அமினோ அமிலங்களைச் செங்கல் அடுக்குவதுபோல ஒவ்வொன்றாகக் கோத்துப் புரதம் கட்டும் கொத்தனார்தான் ரைபோசோம். அதன் அமைப்பை ஆராய்ந்ததற்காக 2009இல் வேதியியல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்ட வெங்கட்ராமன் ராமகிருஷ்ணன் சிதம்பரத்தில் பிறந்தவர் என்று சொன்னதும் கடைசி வரிசைப் பிள்ளைகளும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள்.

வீட்டிலும் பேச வேண்டிய ஒன்று உண்டு. தாயிடமிருந்து 23, தந்தையிடமிருந்து 23 எனக் குரோமோசோம்கள் வருவதால், பிள்ளையின் கையில் இருப்பவை இரண்டு வரைபடங்கள். சிவப்பணுவில் ஆக்சிஜனைச் சுமக்கும் புரதமான ஹீமோகுளோபினுக்கான ஒரு மரபணுவில், டி.என்.ஏ.வின் வேதி எழுத்துகளில் ஒன்றே ஒன்று மாறினால் ஓர் அமினோ அமிலம் மாறுகிறது. வட்டமான சிவப்பணு அரிவாள்போல வளைகிறது. இந்தப் பிழை இரு வரைபடங்களிலும் இருந்தால்தான் அரிவாள் செல் சோகை என்ற இரத்த நோய் வருகிறது. ஒன்றில் மட்டும் இருந்தால் மற்றது பெரும்பாலும் ஈடுகட்டிவிடும். அப்படியிருக்க, பிள்ளைக்கு நோய் என்றதும் தாயின் வழியைப் பழிப்பது எந்த வகையிலும் நியாயமில்லை.

இந்த ஒப்புமை ஓரிடத்தில் நின்றுவிடுகிறது என்பதையும் பிள்ளைகளிடம் சொல்கிறோம். எந்தச் செங்கல்லுக்குள்ளும் வீட்டின் முழு வரைபடம் இருப்பதில்லை. நம் உடலிலோ ஏறக்குறைய ஒவ்வொரு செல்லிலும் முழு வரைபடமும் இருக்கிறது. கண் செல்லும் கல்லீரல் செல்லும் அதில் வெவ்வேறு பக்கங்களைப் படிக்கின்றன. இதை மேற்பார்வையிட மேஸ்திரி ஒருவரும் இல்லை.

பயன்படுத்தி முடித்த வரைபட நகல் உங்களிடம் இருந்தால், பெயரும் முகவரியும் உள்ள பகுதியை நீக்கிவிட்டுப் பிள்ளையிடம் கொடுத்தனுப்புங்கள். கொத்தனார் வேலை தெரிந்த பெற்றோர் யாரேனும் ஒரு பாடவேளை வந்து, வரைபடத்தைப் பார்த்துச் சுவர் எழுப்புவது எப்படி என்று காட்டினால் மிகவும் மகிழ்வோம்.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்