மூன்றாம் பாகத்தையும் சேருங்கள்: அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பாதுகாப்பு வாரியத்துக்கு ஒரு திறந்த மடல்

வாரிய உறுப்பினர்களுக்கு வணக்கம்.

லாஸ் ஏஞ்சல்ஸின் பங்க் (இரைச்சலும் கலகமும் கலந்த ராக் இசை) குழுக்களைப் பற்றி பெனலபி ஸ்ஃபீரிஸ் எடுத்த 'தி டிக்ளைன் ஆஃப் வெஸ்டர்ன் சிவிலைசேஷன்' ஆவணப்படத்தை 2016இல், காப்பாற்றி வைக்க வேண்டிய படங்களின் பட்டியலான உங்கள் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தீர்கள். முதலில் அதற்கு நன்றி. 1981இல் படம் வந்தபோது, இதை இனி இந்த ஊரில் திரையிட வேண்டாம் என்று லாஸ் ஏஞ்சல்ஸ் போலீஸ் தலைவர் டேரில் கேட்ஸ் கடிதம் எழுதினார். அப்படிப்பட்ட படத்தை நீங்கள் மதித்ததால்தான், அதன் மூன்றாம் பாகத்துக்காகவும் உங்களிடம் கேட்கிறேன்.

முதல் பாகத்தில் நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது ஒரு சமையலறைக் காட்சியை. ஜெர்ம்ஸ் குழுவின் பாடகர் டார்பி கிராஷ் அடுப்பில் முட்டை பொரிக்கிறார். மேடையில் நிற்கக்கூட முடியாமல் தடுமாறி விழுகிற அதே பையன். ஸ்ஃபீரிஸ் பக்கத்து வீட்டு அக்கா மாதிரி பேச்சுக் கொடுக்கிறார், அவரும் கூச்சமில்லாமல் பதில் சொல்கிறார். படம் வெளியாகும் முன்பே, 1980 டிசம்பரில், 22 வயதில் டார்பி இறந்துபோனார். அவர் கண்மூடி மேடையில் கிடக்கும் படம்தான் போஸ்டராக வந்தது. அதைப் பார்க்கும்போதெல்லாம் மனசு கனக்கிறது.

அந்த இரைச்சலில் ஒரு வார்த்தையும் காதில் பிடிபடாது என்பதால் பாடல் வரிகளைத் திரையில் எழுத்தாகப் போட்டார் ஸ்ஃபீரிஸ். வெறும் கூச்சல் என்று ஊரே ஒதுக்கிய பிள்ளைகள் என்னதான் சொல்கிறார்கள் என்று கேட்க நினைத்தவர் அவர்.

1988இல் வந்த இரண்டாம் பாகம் ஹெவி மெட்டல் என்ற அதிரடி ராக் இசையின் உலகம். அதில் கிட்டாரிஸ்ட் கிறிஸ் ஹோம்ஸ் நீச்சல்குளத்தில் மிதந்தபடி வோட்காவைத் தன்மேல் ஊற்றிக்கொள்வார், கரையில் அவருடைய அம்மா உட்கார்ந்திருப்பார். அந்த அம்மாவின் முகம் ஒன்று போதும்.

மூன்றாம் பாகம் 1998இல் வந்தது. ஹாலிவுட் தெருக்களில் சில்லறை கேட்டு, காலியாகக் கிடக்கும் கட்டடங்களில் படுத்துறங்கும் பங்க் பிள்ளைகளைப் பற்றியது. பலர் வீட்டில் அடி உதை தாங்காமல் ஓடி வந்தவர்கள். இதில் பாட்டு கொஞ்சம்தான், பேச்சுதான் அதிகம். இன்னும் சில வருஷத்தில் எங்கே இருப்பாய் என்று கேட்டால், செத்துப்போயிருப்பேன் என்று சாதாரணமாகச் சொல்கிறார்கள். ஸ்ஃபீரிஸ் தன் கைக்காசைப் போட்டு எடுத்த படம் இது. சன்டான்ஸ் திரைப்பட விழாவில் கருத்துச் சுதந்திர விருது வாங்கியும் முறையான விநியோகம் கிடைக்கவில்லை. 2015இல் மூன்று பாகங்களும் சேர்ந்து டிஸ்க்காக வந்த பிறகுதான் பலர் கண்ணில் பட்டது. இந்தப் படத்துக்குப் பிறகு ஸ்ஃபீரிஸ் ஆதரவற்ற குழந்தைகளுக்கு வளர்ப்புத் தாயாகவும் ஆனார்.

பத்து வருஷம் கடந்த படமாக இருக்க வேண்டும் என்பது உங்கள் விதி. இது எப்போதோ அதைக் கடந்துவிட்டது. வருஷத்துக்கு 25 படங்களை எடுக்கிறீர்கள், அதில் ஒரு இடம் போதும். பொதுமக்கள் ஒவ்வொருவரும் ஆண்டுக்கு 50 படங்கள் வரை பரிந்துரைக்கலாம் என்று வைத்திருக்கிறீர்கள். இந்த மடலைத் தமிழில் எழுதுவதும் அதனால்தான்: இதைப் படிக்கிற நண்பர்களும் படத்தைப் பார்த்துவிட்டு, பிடித்திருந்தால் அதன் பெயரை உங்களுக்கு அனுப்ப வேண்டும். என் பரிந்துரையில் முதல் பெயர் இதுதான்.

அன்புடன்,
ஒரு ஆவணப்பட ரசிகன்